பொட்டு ஒத்துக்கொள்ளாத நெற்றி

எங்கள் கம்பெனியில் குங்குமம் வைக்கக் கூடாது என்று சொன்ன பிறகுதான் நான் ஸ்டிக்கர் பொட்டுக்கு மாறினேன். அம்பத்தூர் எஸ்டேட்டில் ஏற்றுமதிச் சட்டை தைக்கும் கம்பெனி அது. எண்பதுகளின் கடைசி. நான் செக்கிங் மேஜையில் நிற்பேன். தைத்து வந்த சட்டையைக் குனிந்து பார்த்து, தையல் விட்ட இடம், பொத்தான் கோணல், எண்ணெய்க் கறை என்று எது கண்ணில் பட்டாலும் அங்கே ஒரு சிவப்பு அம்புக்குறி ஒட்ட வேண்டும். மேலே தகரக் கூரை. ஃபேன் சுற்றுவது பேருக்கு. சித்திரை வெயிலில் குனிந்தால் வியர்வையோடு குங்குமமும் சேர்ந்து சொட்டும். ஒருநாள் வெள்ளைக் காலர் ஒன்றில் என் குங்குமம் விழுந்துவிட்டது. தப்பைக் கண்டுபிடிக்க நிற்கவைத்தவளே தப்பு பண்ணுகிறாள் என்று சூப்பர்வைசர் அந்தச் சட்டையை எல்லார் முன்னாலும் தூக்கிப் பிடித்துக் காட்டினார். அடுத்த வாரமே செக்கிங் பெண்கள் எல்லோரும் ஸ்டிக்கருக்கு மாறிவிட்டோம்.

பொய் சொல்லவில்லை, எனக்கு அது ரொம்பப் பிடித்துவிட்டது. மெரூன், கறுப்பு, பச்சை, நடுவில் வெள்ளைக் கல் வைத்தது என்று விதவிதமாக அட்டை அட்டையாக வாங்கினேன். ராத்திரி எடுத்துக் கண்ணாடியில் ஒட்டிவைப்பது, காலையில் அதையே பிய்த்து நெற்றியில் வைப்பது, கோந்து செத்துக் கீழே விழும்வரை விடுவதில்லை. எங்கள் வீட்டுக் கண்ணாடியில் முகம் பார்க்க இடம் தேட வேண்டியிருக்கும்.

ஒரு மழைக்காலத்தில் அரிப்பு ஆரம்பித்தது. பொட்டு வைக்கிற இடத்தில் மட்டும், கடுகளவு சிவப்பாகத் தடித்திருந்தது. கொசு என்று நினைத்தேன். தடிப்பு வெளியே தெரியக் கூடாதே என்று கொஞ்சம் பெரிய பொட்டாக ஒட்டினேன். தடிப்பு அந்தப் பொட்டின் ஓரம்வரை வந்தது. அதைவிடப் பெரியது ஒட்டினேன். புண்ணை மறைக்கிறேன் என்று புண்ணுக்கே தீனி போட்டுக்கொண்டிருந்திருக்கிறேன். கடைசியில் கல்யாணச் சீசனில் பெரிய இடத்து அம்மாக்கள் வைக்கிற மாதிரி ரூபாய் நாணயம் அளவுக்கு ஒரு பொட்டு வைத்துக்கொண்டு திரிந்தேன். அதன் அடியிலிருந்து நீர் கசிந்தது. பக்கத்து வீட்டுக்காரி குழாயடியில் முகத்துக்கு நேராகவே கேட்டுவிட்டாள். "இன்னாம்மா நெத்தியில, சூடு போட்டாப்ல கீது? பெரிய வியாதி எதுனா கீதா பாத்துக்கோ." குஷ்டத்தைத்தான் சொல்கிறாள் என்று புரிந்ததும் குடத்தை வைத்துவிட்டு வீட்டுக்குள் ஓடிவந்தேன். புண் காய்ந்த ஓரமெல்லாம் வெளுத்துக்கொண்டு வந்ததை நானும்தான் பார்த்திருந்தேன்.

திருநின்றவூரில் ஏரிக்குப் பக்கத்தில் வாடகை வீடு எங்களுக்கு. நான், என் வீட்டுக்காரர், அவருடைய அக்கா. வீட்டுக்காரருக்கு ஆவடியில் ராணுவத் தொழிற்சாலையில் வேலை. நாத்தனார் கல்யாணமான மறுவருஷமே புருஷனைப் பறிகொடுத்துத் தம்பியோடு வந்து இருந்துவிட்டவர். அவரும் எங்கள் கம்பெனியில்தான், பிசிறு நூல் வெட்டும் பகுதியில். நாங்கள் இருவரும் ஒரே ரயிலில் போய் ஒரே ரயிலில் திரும்புவோம். அவர் ஜன்னல் ஓரம் உட்கார்ந்து வெளியே பார்த்துக்கொண்டே வருவார். நான் வாயாடி, பெட்டியில் இருக்கிற அத்தனை பேரோடும் பேசுவேன், அவரைத் தவிர. அவரோடு பேச என்ன இருக்கிறது என்று ஓர் எண்ணம் எனக்கு.

அந்தச் சமயத்தில்தான் என் தம்பிக்குக் காட்டுப்பாக்கத்தில் பெண் அமைந்தது. தை மாதம், பூந்தமல்லியில் மண்டபம். எங்கள் பக்கத்தில் மாப்பிள்ளை தாலி கட்டும்போது முதல் முடிச்சுதான் அவன் போடுவான். மீதி இரண்டும் மாப்பிள்ளையின் அக்காவோ தங்கையோ போட வேண்டும். என் தம்பிக்குக் கூடப்பிறந்தவள் நான் ஒருத்திதான். அவன் அரை டிராயர் போட்ட காலத்திலிருந்தே "உன் பொண்டாட்டிக்கு நான்தான்டா முடிச்சு போடுவேன்" என்று அவனை மிரட்டி வளர்த்தவள் நான். அம்மா வந்து என் நெற்றியைப் பார்த்தாள், வாயில் கை வைத்தாள். பெண் வீட்டார் இதைப் பார்த்தால் என்ன நினைப்பார்கள் என்றாள். பொட்டு இல்லாமல் மணவறைப் பக்கம் நிற்கக் கூடாது, அதற்குள் சரி பண்ணிக்கொள், முடியாவிட்டால் சித்தி பெண் முடிச்சு போடட்டும் என்று சொல்லிவிட்டுப் போனாள்.

வீட்டுக்காரர் என்னை நகரத்துப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனார். பெரிய வியாதி எதுவும் இல்லை என்று பார்த்தவுடனே சொல்லிவிட்டார்கள். ஆனால் எது ஒத்துக்கொள்ளவில்லை என்று பார்க்க வேண்டுமாம். என் முதுகில் வரிசையாகச் சின்னச் சின்னதாக என்னென்னவோ தடவி, என் ஸ்டிக்கர் ஒன்றையும் வைத்து, மேலே பிளாஸ்திரி போட்டார்கள். இரண்டு நாள் குளிக்காமல் இருந்து திரும்பி வரச் சொன்னார்கள். திரும்பிப் போன அன்று பெரிய டாக்டர் பிளாஸ்திரியைப் பிரித்தார். மற்ற இடமெல்லாம் வெறுமனே இருந்ததாம். ஸ்டிக்கர் வைத்த இடம் மட்டும் அதே வட்டத்தில் சிவந்து கொப்புளித்திருந்ததாம்.

"ஆ!" என்று அவர் சந்தோஷப்பட்டுக்கொண்டு, வெளியே நின்ற மாணவர்களை எல்லாம் உள்ளே கூப்பிட்டார். பையன்களும் இருந்தார்கள். ஜாக்கெட்டை முன்னால் பிடித்துக்கொண்டு, சுவரில் மாட்டியிருந்த காலண்டரையே பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன். என் முதுகை ஒரு குச்சியால் சுட்டிச் சுட்டி இங்கிலீஷில் பாடம் நடந்தது. எனக்குப் புரிந்தது 'ஸ்டிக்கர்' ஒன்றுதான். எனக்குத் தெரியாத முகங்கள் என் முதுகில் குனிந்து குனிந்து பார்த்துவிட்டுப் போயின. பூமி பிளந்தால் உள்ளே போய்விடலாம் போல இருந்தது. தினமும் குனிந்து சட்டையைப் பார்க்கிறவள் நான். சட்டைக்கு இப்படி இருக்கும் என்று நினைத்தே பார்த்ததில்லை.

எல்லோரும் போன பிறகு ஒரு சின்ன டாக்டரம்மா மட்டும் நின்றாள். என் வயசுதான் இருக்கும். என் கண்ணைப் பார்த்துவிட்டு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, மருந்துச் சீட்டின் பின்பக்கம் படம் போட்டுச் சொன்னாள். தோலுக்குள் ஒரு வகைச் செல் கையைக் காலைப் பரப்பிக்கொண்டு கிடக்குமாம். பொட்டுக் கோந்தில் இருக்கிற மருந்து ரொம்பப் பொடிசு, தனியாக அதை யாரும் சட்டை பண்ண மாட்டார்களாம். ஆனால் அது தோலுக்குள் இறங்கி நம் சொந்தப் புரதத்தின் மேலேயே போய் ஒட்டிக்கொள்ளும். அப்போது அது வேற்றுப் பொருளாகிவிடும். அந்தச் செல் அதை அப்படியே விழுங்கும். உள்ளே துண்டு துண்டாக நறுக்கும். ஒரு துண்டை மட்டும் எடுத்துத் தன் மேற்புறத்தில் ஒரு குழியில் வைத்து ஏந்திக்கொண்டு, தோலை விட்டுக் கிளம்பிக் கழுத்தில் நெறி கட்டுகிற இடத்துக்குப் போகும்.

அங்கே டி செல் என்று ஒரு கூட்டம். ஒவ்வொன்றாக வந்து அந்தத் துண்டைத் தொட்டுப் பார்த்துவிட்டுப் போகுமாம். டி செல் தானாகப் போய்க் கிருமியையோ கோந்தையோ பார்க்காதாம். நம் செல் ஒன்று நறுக்கி, ஏந்திப் பிடித்துக் காட்டினால்தான் அதன் கண்ணுக்குத் தெரியும். பொருந்துகிற ஒன்று வந்து சேர்ந்தால் போயிற்று. அது விழித்துக்கொள்ளும், ஒன்று பலவாகும், உடம்பு முழுக்கச் சுற்றக் கிளம்பும். அப்புறம் அந்தக் கோந்து எங்கே பட்டாலும் ஓடிவந்து அடிக்கும். "அதான்கா, உங்க முதுகு ஸ்டிக்கரையே பார்த்தது இல்ல, இருந்தும் கண்டுபிடிச்சிடுச்சு" என்றாள்.

என் மேஜை வேலையைத்தான் என் தோலும் செய்கிறது என்று எனக்குப் பட்டது. என்ன, நல்ல சட்டையில் அம்புக்குறி ஒட்டுகிறது. ஆனால் எனக்கு அப்போது அதெல்லாமா முக்கியம்? தம்பி கல்யாணத்துக்கு மட்டும், ஒரே ஒரு நாள் வைத்துக்கொள்ளட்டுமா என்று கேட்டேன். அந்த டி செல் வருஷக்கணக்கில் மறக்காது என்றாள். குங்குமமாவது? புண் ஆறும்வரை நெற்றியில் எதுவுமே படக் கூடாது என்று சொல்லிக் களிம்பு எழுதிக் கொடுத்தாள்.

வெறும் நெற்றியோடு வேலைக்குப் போன முதல் நாள் ரயிலில் நடந்ததை இன்றைக்கு நினைத்தாலும் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருக்கிறது. பெண்கள் பெட்டியில் பூக்காரி ஒருத்தி தினமும் ஏறுவாள். எனக்கு அந்தப் பக்கம் இருந்தவளுக்குக் கிள்ளிக் கொடுத்தாள். எதிரே இருந்தவளிடம் கூடையை நீட்டினாள். என்னையும் நாத்தனாரையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு, கூடையை இடுப்போடு அணைத்துக்கொண்டு தாண்டிப் போனாள். வழக்கமாக என்னிடம் வம்பு பேசிப் பூ விற்கிறவள்தான். அவளுக்கு என்னை அடையாளமே தெரியவில்லை.

எனக்கு எங்கிருந்து வந்தது அந்த வெறி என்று தெரியவில்லை. எழுந்து நின்றேன். ஜாக்கெட்டுக்குள் கையை விட்டுத் தாலியை வெளியே இழுத்து, பெட்டி முழுவதும் பார்க்கத் தூக்கிப் பிடித்தேன். "எனக்கு ஊட்டுக்காரர் கீறாரு. நல்லா கல்லு மாதிரி கீறாரு. என்னை அந்த மாதிரி நெனச்சிக்காதே" என்று கத்தினேன்.

பூக்காரி பதறிப்போய், நெத்தி காலியாக இருந்ததால் தெரியாமல் போய்விட்டது, மன்னிச்சுக்கோ என்றாள். ஒரு முழத்துக்கு மேலேயே கிள்ளி என் மடியில் போட்டாள். பெட்டியில் அத்தனை பேரும் என் தாலியைப் பார்த்தார்கள். அப்புறம் எல்லாக் கண்ணும் என் பக்கத்தில் இருந்தவர் மேல் போய் நின்றது. 'அந்த மாதிரி' என்று நான் யாரைச் சொன்னேன் என்பதில் யாருக்கும் சந்தேகமில்லை. நாத்தனார் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு இந்து கல்லூரி ஸ்டேஷனில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தவர்களைப் பார்த்தபடி இருந்தார். நான் பூவை வைத்துக்கொண்டேன். வைத்துக்கொண்டேனே, அதைச் சொல்ல வேண்டும். அம்பத்தூர் வந்தது. இறங்கி நடக்கும்போதும் அவர் எப்போதும் போல என் சாப்பாட்டுப் பையையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டுதான் வந்தார்.

களிம்பில் புண் ஆறிக்கொண்டு வந்தது. கசிவு நின்றது. கல்யாணத்துக்கு முந்தின நாள் பார்க்கும்போது நெற்றியில் கறுப்பும் வெளுப்புமாக ஒரு திட்டு, அவ்வளவுதான். வீட்டுக்காரர், "புருஷன் நானே சொல்றேன், பொட்டு வேணாம் வுடு" என்றார். அவர் சொன்னால் ஆயிற்றா? அம்மா சொன்னது சொன்னதுதான். சாயங்காலம் வரவேற்புக்குப் பெண் வீட்டார் எல்லோரும் வந்திருந்தார்கள். பெண்ணின் பெரியம்மா ஒருத்தி என்னைத் தலையிலிருந்து கால்வரை பார்த்துவிட்டு, அம்மாவை ஓரமாகக் கூப்பிட்டு ஏதோ கேட்டாள். அம்மாவின் முகம் செத்துப் போயிற்று. கேட்டது என்ன என்று எனக்குக் கேட்கத் தேவையில்லை. நேரே அறைக்குள் போய், சித்தி பெண்ணின் பையிலிருந்து ஒரு பொட்டை எடுத்து ஒட்டிக்கொண்டு வெளியே வந்து சிரித்தேன். ஒரு ராத்திரிதானே, விடிந்தால் முடிச்சு, முடிந்ததும் எடுத்துவிடலாம். சின்ன டாக்டரம்மா சொன்னதெல்லாம் மறந்து போகவில்லை. மறக்காமல்தான் செய்தேன்.

விடிகாலையில் கண்ணைத் திறக்க முடியவில்லை. இமை இரண்டும் வீங்கி மூடிக்கொண்டிருந்தன. நெற்றி பிளந்து நீர் மூக்குவரை வழிந்திருந்தது. பொட்டு தலையணையில் கிடந்தது. அம்மா திட்டக்கூட இல்லை. என் தலையில் வைத்திருந்த பூவைச் சரிபண்ணிவிட்டு, "நீ உள்ளயே இரும்மா" என்று மட்டும் சொன்னாள். சித்தி பெண்ணுக்கு என் பட்டுப் புடவையைக் கட்டிவிட்டார்கள். என்னைச் சமையல்கட்டுக்குப் பக்கத்து அறையில் கொண்டுபோய் உட்காரவைத்தார்கள். அங்கே தேங்காய் மூட்டையும் வெற்றிலைக் கட்டும் மஞ்சள் பைக் கட்டும் கிடந்தன. நாத்தனார் தரையில் உட்கார்ந்து தாம்பூலப் பை போட்டுக்கொண்டிருந்தார்.

கெட்டிமேளம் கேட்டது. நான் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதேன். கூடப்பிறந்தவள் ஒருத்தி இருந்தும் யாரோ ஒருத்தி முடிச்சு போடுகிறாளே, இந்த அவமானத்தை எங்கே கொண்டுபோய் வைப்பேன், இது யாருக்காவது நடக்குமா என்று புலம்பினேன். யார் முன்னால் உட்கார்ந்து புலம்புகிறேன் என்று எனக்கு உறைக்கவே இல்லை.

மேளம் ஓய்ந்ததும் நாத்தனார் என் பக்கம் திரும்பினார். ஒரு தேங்காயைப் பைக்குள் போட்டுவிட்டு, "உன் கல்யாணத்துலயும் நானு இதான் பண்ணிகினு இருந்தேன்" என்றார். குறை சொல்கிற குரலே இல்லை.

என் அழுகை நின்றுவிட்டது. என் வீட்டுக்காரருக்குக் கூடப்பிறந்தவள் இவர் ஒருத்திதான். என் கழுத்தில் விழுந்த இரண்டு முடிச்சும் இவர் போட வேண்டியவை. அன்றைக்கு என் பின்னால் வந்து நின்று போட்டது யார் பெண், எந்த ஊர், எனக்குத் தெரியாது. ஒரு தடவை, ஒரே ஒரு தடவைகூட நான் கேட்டதில்லை. முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் ஒரு மஞ்சள் பையை எடுத்துப் பிரித்தேன், மடித்தேன்.

அவர் இன்னும் ஏதோ சொல்ல வருவது போல இருந்தது. கதவைப் பார்த்துக்கொண்டு, குரலை இறக்கிக்கொண்டு சொன்னார். "அந்தப் பொண்ணு சரியா போடல. மறுநாளு நீ தூங்கிகினு இருந்தே, ஒரு முடிச்சு அவுந்துகினு இருந்துச்சு. ஊட்ல யாருமில்ல. நான்தான் இறுக்கினேன். தொடக் கூடாதுன்னு தெரியும். தொட்டுட்டேன்."

என் கை தாலிக்குப் போயிற்று.

"உனுக்கு நெத்தியில இது வந்ததுலருந்து எனுக்குத் தூக்கமில்லம்மா. ஊரே அந்தப் பொட்ட ஒட்டிகினு கீது. உனுக்கு மட்டும் ஏன் வரணும்? என் கை பட்டதாலதான் பொட்டு நிக்கமாட்டேங்குதோன்னு."

ரயிலில் நான் தாலியைத் தூக்கிப் பிடித்தேனே, அது என் கழுத்தில் நின்றதே இவர் இறுக்கின முடிச்சால்தான். அதைத்தான் இவர் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்காமல் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். எனக்கு வந்த வெட்கத்தில் அந்த மூட்டைகளுக்கு நடுவில் நானும் ஒரு மூட்டையாகச் சுருண்டுவிடலாமா என்று இருந்தது. மன்னிப்புக் கேட்க வாய் வரவில்லை. கேட்டாலும் அவருக்கு அது தேவைப்படவில்லை. தேவைப்பட்டது வேறு.

கோந்துதான் அண்ணி, என்று ஆரம்பித்தேன். தோலுக்குள் இருக்கிற செல்லைச் சொன்னேன். விழுங்கி, நறுக்கி, ஒரு துண்டை ஏந்திக்கொண்டு கழுத்துக்குப் போவதைச் சொன்னேன். ஆஸ்பத்திரியில் நானும் இதே கேள்வியைத்தான் கேட்டேன், எனக்கு மட்டும் ஏன் என்று. ஒவ்வொருத்தர் உடம்பிலும் டி செல் கூட்டம் வேறு வேறாம். ஏந்திப் பிடிக்கிற குழியும் ஆளுக்கு ஆள் வேறாம். நம் உடம்பில் அந்தத் துண்டுக்குப் பொருந்துகிறது ஒன்று இருந்து, அது விழித்துக்கொண்டால் வரும். இல்லாவிட்டால் ஆயுசுக்கும் ஒட்டினாலும் வராது. பிறக்கும்போதே அப்படி அமைவது. அதில் யார் பண்ணின பாவமும் இல்லை, யார் கையும் இல்லை. முதுகில் ஒட்டிக் காட்டினார்கள், அங்கேயும் வந்தது, முதுகில் யாரும் முடிச்சு போடவில்லையே என்றேன்.

அவர் கையில் தேங்காயை வைத்துக்கொண்டு, என் வீங்கின முகத்தையே பார்த்தபடி கேட்டார். வெளியே முதல் பந்திக்கு இலை போடுகிற சத்தம் கேட்டது.

"அப்போ நான் தொட்டதால இல்லியா?"

"இல்ல அண்ணி."

தேங்காயைக் கீழே வைத்தார்.

"இன்னொரு தபா சொல்லு," என்றார்.

நான் முதலிலிருந்து சொன்னேன்.